பாறையில் இருப்பவர்கள்: வட ஆஸ்திரேலியப் பாறை ஓவியங்கள் பற்றி அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

டார்வினில் குடியிருப்பதால், ஊரிலிருந்து யார் வந்தாலும் ககாடுவுக்குக் கூட்டிப்போகும் பொறுப்பு என் தலையில்தான் விழும். மூன்று மணி நேரக் கார் பயணம். போகும்போது முதலையைப் பற்றிக் கேட்பார்கள். திரும்பும்போது ஓவியங்களைப் பற்றி. திரும்பத் திரும்ப வரும் கேள்விகளையும் நான் சொல்லும் பதில்களையும் இங்கே எழுதிவைக்கிறேன். நான் இந்த மண்ணின் பூர்வகுடி இல்லை. அங்கே பலகைகளில் எழுதியிருப்பது, உள்ளூர் வழிகாட்டிகள் எல்லாருக்கும் பொதுவாகச் சொல்வது, ஆய்வாளர்கள் அச்சிட்டது, இவ்வளவுதான் என் கையிருப்பு. அதற்கு மேல் தெரிந்தவர்கள் அங்கேயே இருக்கிறார்கள்.

ககாடு எங்கே இருக்கிறது? அங்கே அப்படி என்ன விசேஷம்?

ஆஸ்திரேலியாவின் வடக்கு ஓரத்தில், டார்வினுக்குக் கிழக்கே. பரப்பு ஏறக்குறைய 20,000 சதுர கிலோமீட்டர். 1979இல் தேசியப் பூங்கா ஆனது. 1981இல் யுனெஸ்கோவின் உலக மரபுப் பட்டியலில் சேர்ந்தது. இயற்கை, பண்பாடு இரண்டுக்குமாகச் சேர்த்து அந்தப் பட்டியலில் இடம்பெற்ற இடங்கள் உலகில் கொஞ்சம்தான்.

ஒருபக்கம் மழைக்காலத்தில் கடல்போல் நீர் பரவும் சமவெளி. மறுபக்கம் ஆர்னெம் லேண்ட் மேட்டுநிலத்தின் மணற்கல் செங்குத்து. அதன் அடிவாரத்தில் பல இடங்களில் பாறை முன்னால் நீட்டிக்கொண்டு, கீழே நாலு பேர் ஒதுங்க நிழல் விட்டிருக்கும். மதுரைப் பக்கம் புடவு என்பார்களே, அதேதான். அந்தப் புடவுகளின் சுவரிலும் கூரையிலும்தான் ஓவியங்கள். 5,000க்கும் மேற்பட்ட இடங்கள் பதிவாகியிருக்கின்றன. நாம் போய்ப் பார்க்கக்கூடியவை விரல்விட்டு எண்ணும் அளவே: உபிர், புருங்குய் (பழைய வரைபடங்களில் நூர்லாங்கி), நங்குலுவுர்.

இந்த மண்ணின் மக்கள் தங்களை வடபகுதியில் பினிஞ் என்றும் தென்பகுதியில் முங்குய் என்றும் சொல்லிக்கொள்கிறார்கள். பொதுப்பெயரைவிட அந்தப் பெயர்களைப் பயன்படுத்துவது மரியாதை.

இந்த ஓவியத்துக்கு என்ன அர்த்தம்?

எல்லாரும் முதலில் கேட்பது இதைத்தான். யார் கேட்கிறார்கள், யார் பதில் சொல்கிறார்கள் என்பதைப் பொறுத்துப் பதில் மாறும்.

ஒரு மீன் ஓவியம் இருக்கிறது என்று வைத்துக்கொள்ளுங்கள். சின்னப் பிள்ளைக்கு அது பாரமுண்டி மீன், மழை முடிந்த கையோடு பிடித்தால் கொழுப்பு அதிகம், அவ்வளவுதான். அந்தப் பிள்ளை வளர்ந்ததும் அந்த மீன் எந்த நீர்நிலையைச் சேர்ந்தது, அந்த நீர்நிலை எந்தக் குலத்துக்கு உரியது என்று சொல்லித்தருவார்கள். சடங்குகளுக்குள் போகப் போக இன்னும் சொல்வார்கள். சிலது ஆண்களுக்கு மட்டும், சிலது பெண்களுக்கு மட்டும். வெளியே சொல்லும் கதை, உள்ளே சொல்லும் கதை என்று இரண்டு உண்டு. பலகையில் எழுதியிருப்பது எப்போதும் வெளிக்கதை. அது பொய்க்கதை என்று நினைத்துவிடக் கூடாது. அதுவும் மெய்தான், வாசல்வரை உள்ள மெய்.

இன்னொன்று. கதை தெரிந்திருப்பதும் கதையைச் சொல்லும் உரிமை இருப்பதும் வேறு வேறு. ஒருவருக்கு நிலம் அப்பாவின் குலம் வழியாக வரும். அம்மாவின் குலத்து நிலத்துக்கு அவர் ஜுங்கை, அதாவது காவல் பொறுப்புள்ளவர். சடங்கு முறைப்படி நடக்கிறதா, இடத்தைச் சரியாகப் பார்த்துக்கொள்கிறார்களா என்று கவனிக்கும் கடமை அவருக்கு. தாய்வழி உறவு வந்து நிற்காமல் காரியம் நடக்காது என்பது நமக்கொன்றும் புதிது இல்லையே. ஆகவே ஒரு வழிகாட்டி, "அது என் கதை இல்லை, நான் சொல்ல முடியாது" என்றால் அவருக்குத் தெரியாது என்று அர்த்தம் இல்லை. பெரும்பாலும் நன்றாகவே தெரிந்திருக்கும்.

'கனவுக்காலம்' என்று படித்திருக்கிறேன். அவர்கள் கனவில் கண்டதை வரைந்தார்களா?

இல்லை. அந்தச் சொல் ஒரு மொழிபெயர்ப்பு விபத்து. 1890களில் மத்திய ஆஸ்திரேலியாவில் ஆய்வு செய்த ஸ்பென்சரும் கில்லனும் அரெர்ன்டே மொழிச் சொல் ஒன்றை அப்படி ஆங்கிலப்படுத்தினார்கள். அதுவே கண்டம் முழுவதற்கும் ஒட்டிக்கொண்டது. ஐரோப்பியர் வந்தபோது இங்கே 250க்கும் மேற்பட்ட மொழிகள் பேசப்பட்டன. எல்லாவற்றுக்கும் ஒரே சொல்லைப் போர்த்தியது எவ்வளவு பொருந்தும் என்று நீங்களே பார்த்துக்கொள்ளுங்கள்.

ககாடு பக்கத்துச் சொல் ஜாங். ஆதியில் உலகைச் செய்த மூதாதையர் நடந்துபோன வழியில் ஆறும் குன்றும் உண்டாயின. எந்த விலங்கு எங்கே வாழும், யார் யாரை மணக்கலாம் என்ற முறைகளும் உண்டாயின. பிறகு அவர்கள் ஓர் இடத்தில் தங்கிவிட்டார்கள், பாறையாக, குளமாக, ஓவியமாக. அந்த இடத்தில் தங்கியிருக்கும் ஆற்றல்தான் ஜாங். 'அந்தக் காலத்தில்' என்று இறந்தகாலத்தில் தள்ளிவைக்கக் கூடியது அன்று. இப்போதும் அங்கே இருக்கிறது, சீண்டினால் எழும்.

அப்படியானால் ஓவியத்தைவிட இடம்தான் முக்கியமா?

இரண்டையும் பிரிக்கப் போய்த்தான் நாம் குழம்புகிறோம். நமர்கோனை வைத்துச் சொல்கிறேன்.

புருங்குய்யில் அன்பங்பாங் என்ற சுவர் இருக்கிறது. ககாடு என்று தேடினால் வரும் படங்களில் பாதி அந்தச் சுவர்தான். அதில் வெள்ளை உருவம் ஒன்று: கணுக்காலிலிருந்து தலை வழியாகச் சுற்றிவரும் வளைவு, முழங்காலிலும் முழங்கையிலும் கற்கோடரிகள். அவர்தான் நமர்கோன், மின்னல் மனிதர். அந்த வளைவு மின்னல். கோடரியை வீசி மேகத்தைப் பிளந்தால் இடி. பக்கத்தில் அவர் மனைவி பார்கிஞ்.

சுவரைப் பார்த்துவிட்டுப் படம் எடுத்துக்கொண்டு திரும்பினால் கால்வாசிதான் பார்த்தீர்கள். அங்கிருந்து மேலே ஏறிப் பார்வை முனையில் நின்றால் தூரத்தில் மேட்டுநிலத்தின் செங்குத்து தெரியும். நமர்கோன் வடக்குக் கடற்கரையிலிருந்து குடும்பத்தோடு புறப்பட்டு, ஊர் ஊராக வந்து, கடைசியில் தங்கிய இடம் அது. தன் கண் ஒன்றை எடுத்து அந்தப் பாறையில் வைத்தார், அது மழைக்காலத்துக்காகக் காத்திருக்கிறது என்று சொல்வார்கள்.

அப்புறம் அந்த வெட்டுக்கிளி. உடம்பெல்லாம் ஆரஞ்சு, அதில் நீலப் புள்ளிகள். ஆங்கிலத்தில் 1845இல் இந்த வழியாக வந்த லைக்கார்ட் என்ற பயணியின் பெயரை அதற்கு வைத்திருக்கிறார்கள். இங்கே அதன் பெயர் அல்யுர், நமர்கோனின் பிள்ளைகள். குனுமெலெங் என்னும் பருவத்தில், அதாவது அக்டோபர் வாக்கில் புழுக்கம் தாங்காமல் முதல் இடிமேகங்கள் திரளும்போது, இந்த வெட்டுக்கிளிகள் வெளியே வரும். அப்பாவைத் தேடிக் கூப்பிடுகின்றன என்பார்கள். அவர் வந்துவிடுவார்.

ஆக சுவரில் உள்ள உருவம், எதிரே உள்ள செங்குத்து, புதரில் உள்ள பூச்சி, வானத்து இடி, அந்த மாதம், எல்லாம் சேர்ந்துதான் நமர்கோன். ஓவியத்தை மட்டும் பெயர்த்து அருங்காட்சியகத்தில் வைத்தால் காவியும் வெள்ளைக் களிமண்ணும்தான் மிஞ்சும். இங்கத்தியவர்கள் ஆங்கிலம் பேசும்போது தங்கள் நிலத்தை 'கன்ட்ரி' என்பார்கள். தேசம் என்ற பொருளில் இல்லை. நாஞ்சில் நாடு, கொங்கு நாடு என்று நாம் சொல்கிறோமே, அந்த 'நாடு' கொஞ்சம் நெருங்கி வரும். ஆனால் அவர்கள் நாட்டோடு பேசுவார்கள், அதற்குக் கோபமும் ஏக்கமும் உண்டு.

இன்னொரு சின்ன விஷயம்: இங்கேயும் ஆண்டுக்குப் பருவம் ஆறு. கார், கூதிர் என்று மனப்பாடம் செய்து வளர்ந்தவர்களுக்கு இதை விளக்க வேண்டிய தேவையே எனக்கு வந்ததில்லை.

இவற்றை வரைந்தது யார்?

மூன்று விதமான பதில் உண்டு, ஒரே புடவில் மூன்றையும் காட்டலாம்.

சில ஓவியங்கள் தாமே வந்து அமர்ந்தவை. உபிரில் உள்ள வானவில் பாம்பு, போகிற வழியில் தன் உருவத்தைத் தானே பாறையில் இட்டுச்சென்றது. சில ஓவியங்கள் மிமிகள் செய்தவை. மிமி என்பவர்கள் பாறை இடுக்கில் வாழும் ஒல்லியான ஆவிகள். காற்று பலமாக அடித்தால் ஒடிந்துவிடும் அளவுக்கு ஒல்லி. உபிரில் ஏணி வைத்தாலும் எட்டாத உயரத்தில், கூரையின் அடிப்பக்கத்தில் சிவப்பும் மஞ்சளுமாக ஓவியங்கள் இருக்கின்றன. எப்படி வரைந்திருப்பார்கள் என்று கேட்டால், மிமிகள் பாறையைக் கீழே இறக்கி, வரைந்து, மறுபடி மேலே வைத்துவிட்டார்கள் என்பது பதில். சாரம் கட்டி வரைந்திருப்பார்கள் என்ற விளக்கத்தைவிட இது எனக்குப் பிடித்திருக்கிறது.

மீதி மனிதர்கள் வரைந்தவை. சிலரின் பெயரும் தெரியும். மேலே சொன்ன நமர்கோன் சுவரை இன்று நாம் பார்க்கும் வடிவில் வரைந்தவர் நயொம்போல்மி. பத்மார்டி குலத்தவர், மீன் பிடிப்பதில் கெட்டிக்காரர் என்பதால் வெள்ளைக்காரர்கள் வைத்த பெயர் பாரமுண்டி சார்லி. 1963-64 வாக்கில் பழைய ஓவியங்களின் மேலேயே இவற்றை வரைந்தார், 1967இல் இறந்தார்.

இதைச் சொன்னவுடன் வந்தவர்கள் முகம் வாடுவதைப் பார்த்திருக்கிறேன். "அறுபது வருஷம்தானா?" என்பார்கள். இருபதாயிரம் வருடம் என்று ஊரில் போய்ச் சொல்ல ஆசைப்பட்டு வந்திருப்பார்கள், பாவம்.

பழைய ஓவியத்தின்மேல் புதிதாக வரைவது அதை அழிப்பது ஆகாதா?

இந்தக் கேள்விக்கு நல்ல பதில் ககாடுவில் இல்லை, மேற்கே கிம்பர்லியில் இருக்கிறது. வோரோரா, ஙரின்யின், வுனம்பல் ஆகிய மூன்று மக்களின் நாடு அது. (தமிழில் ஙகரத்தில் சொல் தொடங்குவது அரிது, இங்கே சர்வசாதாரணம். அந்த எழுத்துக்கு வேலை கிடைத்ததில் எனக்கு ஒரு சந்தோஷம்.) அங்கே பாறைகளில் வாண்ட்ஜினாக்கள் இருக்கிறார்கள். பெரிய வெள்ளை முகம், கருங்கண்கள், மூக்கு, தலையைச் சுற்றி மேகமும் மின்னலுமாக ஒரு வளையம். மழையும் பிறப்பும் அவர்கள் கையில். நிலத்தைச் செய்து முடித்து, வந்த இடத்தில் படுத்து, பாறைக்குள் போய்ச் சுவரில் தங்கள் உருவத்தை விட்டுச்சென்றவர்கள்.

அந்த உருவம் மங்கினால் அவர் வலுவிழக்கிறார். மழை குறையும், உயிர்கள் பெருகா. அதனால் உரியவர்கள் முறைப்படி போய், பேசி, அனுமதி கேட்டு, வண்ணத்தைப் புதுப்பிப்பார்கள். இது வரைவது அன்று, பராமரிப்பது. புரவி எடுப்புக்குப் புது மண்குதிரை செய்து ஐயனாருக்கு வைக்கிறோம். கோயில் சிலைக்கு வண்ணம் பூசிக் கண் திறக்கிறோம். பழைய பூச்சு போய்விட்டதே என்று அங்கே யாராவது அழுது பார்த்திருக்கிறீர்களா?

ஆனால் 1987இல் இதே காரணத்துக்குப் பெரிய சண்டை நடந்தது. அரசு வேலைத்திட்டப் பணத்தில் இளைஞர்களைக் கொண்டு கிம்பர்லியில் சில வாண்ட்ஜினா இடங்கள் புதுப்பிக்கப்பட்டன. ஒரு பண்ணைக்காரர் புகார் செய்தார்; தொல்லியலாளர்கள் இரண்டு பக்கமாகப் பிரிந்தார்கள். உலகின் சொத்தை அழிக்கிறார்கள் என்றது ஒரு தரப்பு. எங்கள் பிள்ளைகளுக்குக் கடமையைச் சொல்லித்தருகிறோம், அதை நிறுத்தினால்தான் அழிவு என்றது ஙரின்யின் தரப்பு.

என் சாய்வு எந்தப் பக்கம் என்று சொல்ல வேண்டியதில்லை. ஆனாலும் எதிர்த்தவர்களை முழுக்க ஒதுக்கவும் முடியவில்லை. அந்த இளைஞர்களுக்குப் போதிய பயிற்சி இருந்ததா என்ற கேள்வி பூர்வகுடி மக்களிடையேயும் எழுந்தது. புதுப்பிப்பது உரிமை என்றால், யார் எப்படிப் புதுப்பிப்பது என்பதற்கும் முறை உண்டுதானே.

வாண்ட்ஜினாவுக்கு ஏன் வாய் இல்லை? வேற்றுக்கிரகவாசி என்று யூட்யூபில் பார்த்தேனே?

யூட்யூபை விடுங்கள். தன் தாத்தாவின் முகத்தை வரைந்து வைத்திருப்பவரிடம் போய், 'இது வேற்றுக்கிரகவாசி' என்று சொல்வதற்குச் சமம் அது.

வாய் இல்லாததற்குச் சொல்லப்படும் விளக்கம் ஒன்று: வாய் இருந்தால் மழை நிற்கவே நிற்காது. இன்னொன்று: அவ்வளவு ஆற்றல் உள்ளவருக்குப் பேச்சு தேவையில்லை. அவர் கோபம் எப்படி இருக்கும் என்பதற்கு ஆந்தைக் கதை இருக்கிறது. தும்பி என்ற ஆந்தையைச் சில பிள்ளைகள் பிடித்து, இறகைப் பிடுங்கி, விளையாட்டுக்கு வதைத்தார்கள். அது வாண்ட்ஜினாவின் பிள்ளை. தந்தையிடம் போய் அழுதது. வெள்ளம் வந்தது. தும்பி என்றால் நமக்கு வேறு, அவர்களுக்கு ஆந்தை. இது வெறும் ஒலி ஒற்றுமை, இதை வைத்து யாரும் தமிழ் ஆராய்ச்சியைத் தொடங்கிவிட வேண்டாம்.

எவ்வளவு பழமை என்று எப்படிக் கண்டுபிடிக்கிறார்கள்?

காவி ஒரு கல்பொடி. அதில் கரிமம் இல்லாததால் நேரடியாகக் காலம் கணிப்பது கடினம். கிம்பர்லியில் இதற்குக் கைகொடுத்தது குளவி. வீட்டுச் சுவரில் மண்கூடு கட்டுமே, அதே வகைதான். ஓவியத்தின் மேலும் கட்டியிருக்கும். சில சமயம் கூட்டின்மேல் ஓவியம் வரையப்பட்டிருக்கும். கூட்டு மண்ணில் காட்டுத்தீயின் கரித்துகள்கள் சிக்கியிருக்கும், அதன் வயதைக் கணிக்கலாம். கீழே உள்ள கூட்டைவிட ஓவியம் இளையது, மேலே உள்ள கூட்டைவிட மூத்தது. இந்த முறையில் ஒரு கங்காரு ஓவியம் ஏறக்குறைய 17,300 ஆண்டுப் பழமை என்று 2021இல் வெளியிட்டார்கள். ககாடுவை ஒட்டிய மஜெட்பெபே புடவில் தோண்டியபோது 65,000 ஆண்டு மண்ணடுக்கில் அரைத்த காவி கிடைத்தது என்று 2017இல் அறிவித்தார்கள்; அந்தக் கணக்கை ஏற்காத ஆய்வாளர்களும் உண்டு.

உபிரில் தைலசைன் ஓவியம் இருக்கிறது. முதுகில் வரிகள் உள்ள, நாய்போன்ற பைம்மா விலங்கு அது. ஆஸ்திரேலியப் பெருநிலத்தில் அது அற்றுப்போய் ஏறக்குறைய 3,000 ஆண்டுகள் ஆகின்றன. வரைந்தவர் அதைப் பார்த்திருக்க வேண்டும்.

மீனுக்குள் எலும்பும் குடலும் தெரிகிறதே?

எக்ஸ்ரே பாணி என்று பெயர் வைத்துவிட்டார்கள். அறுத்துப் பங்கு போடுபவரின் பார்வை அது என்றுதான் எனக்குப் படுகிறது. எந்தப் பகுதி கொழுப்பு, எது யாருக்கு என்பதெல்லாம் உறவுமுறைப்படி. கங்காருவை வேட்டையாடியவர் தனக்கு வேண்டியதை எடுத்துக்கொண்டு போக முடியாது. இன்ன உறவுக்கு இன்ன துண்டு. உடலைப் பகுத்து வரைவதில் அந்த முறையும் வரையப்பட்டுவிடுகிறது.

வெறும் காவிதானே, அதில் என்ன புனிதம்?

மேற்கு ஆஸ்திரேலியாவில் வில்கி மியா என்ற பழைய காவிச் சுரங்கம் இருக்கிறது. வஜாரி மக்களின் நாடு. அங்கே ஆதியில் ஒரு பெரிய கங்காரு கொல்லப்பட்டது. சிவப்புக் காவி அதன் ரத்தம், மஞ்சள் அதன் ஈரல், பச்சை அதன் பித்தம். அதைக் குழைத்துப் பாறையில் இடுபவருக்கு அது கல்பொடி அன்று.

கப்பலும் துப்பாக்கியும்கூட வரைந்திருக்கிறார்களே, அவையும் ஆன்மிகமா?

எல்லாவற்றையும் ஆன்மிகமாக்க வேண்டாம். உபிரில் கால்சட்டைப் பையில் கைவிட்டு நிற்கும் வெள்ளைக்காரர் இருக்கிறார். எருமை வேட்டைக்கு வந்தவர்களைப் பார்த்து வரைந்தது. வேலை செய்யாமல் பையில் கைவிட்டு நின்று ஏவுபவர்களை இவர்கள் எப்படிப் பார்த்தார்கள் என்பது அந்த நிற்கும் தோரணையிலேயே தெரிகிறது.

அதற்கும் முந்தைய வருகை மக்காசர் மாலுமிகளுடையது. இன்றைய இந்தோனேசியாவின் சுலவேசியிலிருந்து வாடைக்காற்று பிடித்து ஆண்டுதோறும் வருவார்கள். எதற்கு என்கிறீர்கள்? கடல் அட்டைக்கு. ராமநாதபுரத்திலும் யாழ்ப்பாணத்திலும் இதன் விலை தெரிந்தவர்கள் சிரிப்பார்கள். அட்டையை அவித்து, உலர்த்தி, சீனச் சந்தைக்கு அனுப்பினார்கள். அவர்களின் பாய்மரக் கப்பல்கள் ஆர்னெம் லேண்ட் பாறைகளில் இருக்கின்றன. அவற்றில் ஒன்று குறைந்தது 17ஆம் நூற்றாண்டு அளவுக்குப் பழையது. 1907 வாக்கில் அந்த வணிகத்தை, அப்போது இந்த வட்டாரத்தை நிர்வகித்த தெற்கு ஆஸ்திரேலிய அரசு நிறுத்தியது. சொற்கள் மட்டும் தங்கிவிட்டன. வெள்ளைக்காரருக்கு 'பலண்டா' என்பார்கள், ஹாலந்துக்காரர் என்பது மக்காசர் வாயில் அப்படி ஆனது. வடகிழக்கு ஆர்னெம் லேண்டின் யோல்ஙு மக்கள் பணத்துக்குச் சொல்வது 'ருபியா'. ஆமாம், நம் ரூபாயின் உறவுக்காரச் சொல்தான். கடல் வழியாக அது எங்கெங்கோ சுற்றிப் போய்ச் சேர்ந்திருக்கிறது.

'நோய் நிலம்' என்கிறார்களே, அது என்ன?

ககாடுவின் தெற்கே ஜவோய்ன் மக்களின் நாட்டில், பூலா என்ற ஆதி ஆற்றல் நிலத்தடியில் உறங்குகிறார். அந்த இடங்களைத் தோண்டினால், கல்லைப் புரட்டினால் நோயும் பேரழிவும் வரும். மூட்டு வீங்கிய உருவங்களை ககாடு பாறைகளில் பார்க்கலாம். எச்சரிக்கை என்று சொல்லப்படும் ஓவியங்கள் அவை.

அந்தப் பக்கம் யுரேனியமும் தங்கமும் இருப்பது உண்மை. உடனே, 'கதிர்வீச்சு அவர்களுக்கு அப்போதே தெரியும்' என்று வாட்ஸ்அப்பில் ஓடுகிறது. அந்த அவசரம் எனக்கு ஒவ்வாது. விஞ்ஞானம் முத்திரை குத்தினால்தான் அவர்கள் சொல்வதற்கு மதிப்பு என்று ஆகிவிடுகிறது. குராட்பா என்ற குன்றில் சுரங்கம் வேண்டாம் என்று ஜவோய்ன் முதியவர்கள் சொன்னதற்குக் காரணம் பூலா. 1991இல் பிரதமர் ஹாக்கின் அரசு சுரங்கத்துக்குத் தடை விதித்தது. அமைச்சரவையில் பலருக்கு அது பிடிக்கவில்லை.

எல்லாமே வண்ண ஓவியங்கள்தானா?

இல்லை. மேற்கு ஆஸ்திரேலியாவின் பில்பரா கடற்கரையில் முருஜுகா இருக்கிறது. அங்கே செதுக்கல்கள். பாறையின் மேல் பல்லாயிரம் ஆண்டுகளில் படிந்த செம்பழுப்புப் படலத்தைக் கல்லால் கொத்தி எடுத்தால் உள்ளே வெளிர்நிறம். பத்து லட்சத்துக்கும் மேல் இருக்கும் என்று மதிப்பிடுகிறார்கள். நிலத்தின் சட்டத்தை மர்கா என்ற ஆதிப்படைப்பாளிகள் பாறையில் பொறித்தார்கள் என்பது அந்த மக்களின் நம்பிக்கை. சில இடங்கள் தாலு. ஒரு மீனோ விலங்கோ பெருக வேண்டும் என்று உரியவர்கள் சடங்கு செய்யும் இடம்.

அங்கே நடந்ததைச் சொல்லாமல் ஓவியத்தைப் பற்றிப் பேச முடியாது. அந்தத் தீபகற்பத்தின் யபுரரா மக்கள் 1868இல் போலீஸாராலும் குடியேறிகளாலும் வேட்டையாடிக் கொல்லப்பட்டார்கள். ஒரு செதுக்கலின் கதையைச் சொல்லும் உரிமை உள்ளவர்களே கொல்லப்பட்டால் அந்தக் கதை என்ன ஆகும்? இன்று அக்கம்பக்கத்து மொழிக் குழுக்களும் யபுரரா வழித்தோன்றல்களும் சேர்ந்து அந்தப் பொறுப்பைச் சுமக்கிறார்கள்.

அதே நிலத்தில் இரும்புத்தாதுத் துறைமுகம், உப்பளம், எரிவாயு ஆலை, உர ஆலை. புகையிலுள்ள அமிலம் அந்தப் பாறைப் படலத்தை அரிக்கிறது என்று பல ஆண்டாக வாதம் நடக்கிறது. 2025 ஜூலையில் முருஜுகா உலக மரபுப் பட்டியலில் சேர்ந்தது. அதே ஆண்டு செப்டம்பரில் எரிவாயு ஆலைக்கு 2070 வரை நீட்டிப்பும் கிடைத்தது. இரண்டும் ஒரே அரசு, ஒரே ஆண்டு.

வாண்ட்ஜினாவை நான் வரைந்து வீட்டில் மாட்டலாமா? டீ-ஷர்ட்டில் போடலாமா?

வேண்டாம். 2010இல் சிட்னியை அடுத்த கட்டூம்பாவில், கிம்பர்லிக்குச் சம்பந்தமே இல்லாத இடத்தில், வாண்ட்ஜினா சிற்பம் ஒன்றை வைத்தார்கள். வோரோரா மக்கள் எதிர்த்தார்கள். உள்ளாட்சியும் அனுமதி தரவில்லை. இதற்கு மாறாக, 2000 சிட்னி ஒலிம்பிக் தொடக்க விழாவில் மைதானத்தில் எழுந்த பிரம்மாண்டமான வாண்ட்ஜினாவை உலகமே பார்த்தது. அது வோரோரா முதியவர் டோனி வூலகூஜா வரைந்த நமராலி, அவர் நாட்டு வாண்ட்ஜினா. இரண்டுக்கும் உள்ள வித்தியாசம் விளங்குகிறது அல்லவா?

வாங்க ஆசை என்றால் குன்பலன்யா ஊரில் இன்ஜலாக் கலைக்கூடம் இருக்கிறது; வரைபவரிடமே வாங்கலாம்.

போனால் எப்படி நடந்துகொள்ள வேண்டும்?

பாறையைத் தொடாதீர்கள். கை எண்ணெய் பட்டாலே போதும், கெடும். படம் எடுக்க வேண்டாம் என்ற பலகை இருந்தால் எடுக்காதீர்கள். இறந்தவர்களின் பெயரையும் படத்தையும் தவிர்க்கும் வழக்கம் பல சமூகங்களில் உண்டு, கேட்டுவிட்டுப் பேசுங்கள். கிழக்கு அலிகேட்டர் ஆற்றைத் தாண்டி ஆர்னெம் லேண்டுக்குள் போக முன்கூட்டியே அனுமதிச் சீட்டு வாங்க வேண்டும். ஆற்றைக் கடக்கும் இடத்தில் இறங்கி நின்று செல்ஃபி எடுக்காதீர்கள், முதலை விளையாட்டில்லை.

பாதையை விட்டு விலகாதீர்கள். பாதையே தப்பாகப் போன கதையும் உண்டு. 2019இல் குன்லோம் அருவியில், ஜவோய்ன் மக்களின் புனித இடத்துக்கு அருகே, முறையான சான்றிதழ் இல்லாமல் பூங்கா நிர்வாகமே ஒரு நடைபாதை போட்டது. புனித இடங்களைக் காக்கும் ஆணையம் வழக்குத் தொடுத்தது. மத்திய அரசின் அமைப்பும் அந்தச் சட்டத்துக்குக் கட்டுப்பட்டதே என்று 2024இல் நாட்டின் தலைமை நீதிமன்றம் தீர்ப்பளித்தது.

முதியவர் யாராவது உங்களைப் புது இடத்துக்குக் கூட்டிப்போனால், தூரத்திலேயே நின்று தம் மொழியில் உரக்கக் கூப்பிடலாம். உங்கள் தலையில் தண்ணீர் தெளிக்கலாம், தம் வியர்வையை உங்கள்மேல் தடவலாம். அங்கே இருப்பவர்களுக்கு உங்களை அறிமுகம் செய்கிறார். முகம் சுளிக்காமல் நில்லுங்கள்.

சின்னப் பிள்ளைகளுக்குச் சொல்ல ஒரு கதை சொல்லுங்கள்.

உபிரில் பிள்ளைகளுக்குப் பிடித்த சுவர் மபுயுவுடையது. மபுயு ஒரு மீனவர். ஒருநாள் பிடித்த மீனைக் கயிற்றில் கோத்து இழுத்துக்கொண்டு வந்தார். பின்னாலேயே வந்த பேராசைக்காரர்கள் கயிற்றை அறுத்து மீனைத் திருடிப் போய்விட்டார்கள். மபுயு ஒன்றும் சொல்லவில்லை. அவர்கள் மீனைத் தின்று முடித்து, குகைக்குள் போய்ப் படுக்கும்வரை காத்திருந்தார். ராத்திரி ஒரு பெரிய பாறையை உருட்டி வந்து வாசலை அடைத்தார். காலையில் யாரும் வெளியே வரவில்லை.

போன தடவை என் அண்ணன் மகள் இதைக் கேட்டுவிட்டு, "அவங்க இன்னும் உள்ளேதான் இருக்காங்களா சித்தப்பா?" என்றாள். வழிகாட்டி அம்மாவிடம் மொழிபெயர்த்துச் சொன்னேன். அவர் பாறையைப் பார்த்தார், அவளைப் பார்த்தார், "போய்க் கூப்பிட்டுப் பார்க்காதே" என்றார்.